மெஷின் கழற்ற வந்தவர்

சுங்கை பினாங்,
28.1.2024

அன்புள்ள லோகாவுக்கு,

நான் நலம். நீங்களும் உங்கள் தங்கை வீட்டாரும் நன்றாக இருக்க வேண்டும் என்று தைப்பூசத்தன்று தண்ணீர்மலையில் நின்று கேட்டுக்கொண்டேன். இந்த வருஷம் அப்படியொரு வெயில். பிரமிளா பாதிப் படியில் உட்கார்ந்துவிட்டாள். "அம்மா, நீ போய் சாமிகிட்ட சொல்லிட்டு வா லா. நான் இங்கேருந்தே கும்பிட்டுக்கிறேன்" என்கிறாள். பாயான் பாருவில் சிப் கம்பெனியில் ஷிப்ட் முழுக்க நிற்கிற பெண், அவளை என்ன சொல்ல.

நீங்கள் எழுதிப் பொங்கலோடு ஒரு மாதம். மறுபடி இங்கே வருவதற்குத் திருச்சி ஏஜெண்டு என்ன சொன்னான் என்று ஒரு வரியாவது எழுதக் கூடாதா? "யாரும்மா இந்தக் காலத்துல கடுதாசி எழுதுறாங்க" என்று மகள் கிண்டல் பண்ணுகிறாள். என் காது மந்தம் அவளுக்குத் தெரியும். போனில் உங்கள் குரல் எனக்கு வெறும் இரைச்சல்தான். தட்டி எழுத எனக்குத் தமிழ் வராது. நாம் பேசினதே அந்த மெஷின் சத்தத்துக்கு நடுவில், லேபிள் அட்டைக்குப் பின்னால் எழுதிக் காட்டித்தானே. நீங்கள் "சாக்ஸ்" என்று எழுதுவீர்கள், நான் அதை அடித்து "ஸ்டோக்கின்" என்று எழுதுவேன்.

பிரமிளாவுக்கு நிச்சயம் ஆகிவிட்டது. பையன் பெயர் ஹரீஷ், தங்கமான பையன். ஆடி கழிந்து கல்யாணம். உங்களைப் பற்றி அவனிடம் அவளே சொல்லிவிட்டாள். "அத்தைக்கும் ஒரு துணை வேணும்தானே" என்றானாம். எனக்குக் கூச்சமாகப் போய்விட்டது.

வேலை பெர்மிட்டில் வருகிறவர்கள் இங்கே கல்யாணம் பண்ணக் கூடாது என்று சட்டம். நீங்கள் மறுபடி வந்தாலும் பத்து மெஷின் தள்ளி நின்று ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கத்தான் முடியும். அதனால் நானே ஒரு முடிவுக்கு வந்திருக்கிறேன். மகள் கல்யாணம் முடியட்டும். நான் திருப்பூருக்கு வருகிறேன். அங்கே வைத்துத் தாலி கட்டுங்கள். பிரமிளா அப்பா போய் ஒன்பது வருஷம் ஆகிறது. யாருக்கும் நான் பதில் சொல்ல வேண்டியதில்லை.

கம்பெனியில் ஆர்டர் குறைவு. பாதி மெஷினுக்குப் பிளாஸ்டிக் போர்த்தி வைத்திருக்கிறார்கள். சீனப் பெருநாள் கழிந்தால் சரியாகிவிடும் என்கிறார்கள்.

நீங்கள் என்னை இன்னும் "வாங்க, போங்க" என்று எழுதுவது எனக்குப் பிடிக்கவில்லை.

உங்கள்
புஷ்பா


திருப்பூர்,
15.2.2024

அன்புள்ள புஷ்பாவுக்கு,

"நீ" என்று எழுதச் சொல்கிறாய். எழுதுகிறேன், பார். எங்கள் ஊரில் கன்றுக்குட்டியைக் கூட "வாங்க" என்றுதான் கூப்பிடுவோம். கை கொஞ்சம் கூசுகிறது.

உன் கடிதத்தை எத்தனை தடவை படித்தேன் என்று தங்கையைக் கேட்டால் தெரியும். "அண்ணா, சோறு ஆறுதுங்க" என்று கத்திக்கொண்டே இருந்தாள்.

இதுநாள் வரை எழுதாததற்குக் காரணம், நல்லதாகச் சொல்ல ஒன்றும் இல்லை. ஏஜெண்டு போனை எடுப்பதே இல்லை. இங்கே நிட்டிங் யூனிட்டுகளில் நாள் கூலிக்குப் போய்க்கொண்டிருந்தேன். பனியன் துணி நெய்கிற பெரிய மெஷின்கள் எல்லாம் புதுசு, கம்ப்யூட்டர் வைத்தது. இருபத்தைந்து வயதுப் பையன்கள் பார்த்துக்கொள்கிறார்கள். டீக்கடையில் எனக்கு "மலேசியாக்காரர்" என்று பெயர். மலேசியா என்னை வேனில் ஏற்றி அனுப்பின கதை அவர்களுக்குத் தெரியாது.

ஒரு ஆள் இத்தனை மெஷின் பார்க்கணும் என்று அவர்கள் கூட்டிக்கொண்டே போனபோது, எல்லாரும் வேலையை நிறுத்தினோமே. உங்களுக்கெல்லாம் எச்சரிக்கைக் கடிதம் கொடுத்தார்கள், எனக்கு விமான டிக்கெட் கொடுத்தார்கள். யார் மேலும் கோபமில்லை. ஆனால் ஏர்போர்ட்டுக்கு நீ ஒருத்திதான் வந்தாய். கிட்டே விடவில்லை. தூணுக்குப் பக்கத்தில் நின்று கையை ஆட்டிக்கொண்டே இருந்தாய். அதற்கு முந்தின ரெண்டு வாரம் இமிகிரேஷன்காரர்கள் என்னை அடைத்து வைத்திருந்த இடத்தைப் பற்றித் தங்கையிடம் கூடச் சொன்னதில்லை. அதை விடு.

இப்போது நல்ல செய்தி. பெருமாநல்லூர்ப் பக்கம் ஒருவர் புதிதாக சாக்ஸ் கம்பெனி ஆரம்பிக்கிறார். வெளிநாட்டிலிருந்து பழைய மெஷின் இறக்குகிறாராம். அந்த மெஷின் தெரிந்த ஃபிட்டர் இந்த ஊரில் கிடைக்கவில்லை. நான் போய் நின்றேன். நாலு கேள்வி கேட்டார். "நாளைக்கே வந்துருங்க" என்றார். ஃபிட்டருக்குக் கம்பெனி வளாகத்திலேயே வீடு. ரெண்டு அறை, பின்னால் கொஞ்சம் இடம். துளசி வைக்கலாம், சோற்றில் வாசனைக்கு நீ போடுவாயே அந்தப் பாண்டான் இலைச் செடி இங்கே வருமா என்று தெரியவில்லை.

நீ வரலாம் புஷ்பா. வந்து இறங்க இடம் இருக்கிறது.

உன்
லோகேஸ்வரன்


சுங்கை பினாங்,
3.3.2024

அன்புள்ள லோகாவுக்கு,

உங்கள் கடிதம் வந்த நேரம் நான் வீட்டில் இல்லை. மகள் கூடாரத்துக்குக் கொண்டுவந்து கொடுத்தாள். எந்தக் கூடாரம் என்று கேட்பீர்கள்.

சீனப் பெருநாள் லீவு முடிந்து கம்பெனி பஸ்ஸுக்காக நின்றோம். பஸ் வரவில்லை. மோட்டர் சைக்கிளில் வந்தவர்கள் பிறையில் கம்பெனிக்கே போய்ப் பார்த்துவிட்டுப் போன் பண்ணினார்கள். கேட்டில் பெரிய பூட்டு, பக்கத்தில் ஒரு காகிதம். கம்பெனியை மூடியாகிவிட்டதாம், விவரம் பிறகு தெரிவிப்பார்களாம். பெரியவர்கள் யாரும் இல்லை. எங்களுக்குச் சட்டப்படி சேர வேண்டியது எதையும் தரவில்லை. என் மேசை டிராயரில் மூக்குக்கண்ணாடி இருக்கிறது. அதைக் கூட எடுக்க விடவில்லை.

உள்ளே மெஷின்கள் இருக்கின்றன. அவை இருக்கிற வரைக்கும்தான் எங்களிடம் பேச ஆள் வரும் என்று யூனியனில் சொன்னார்கள். அதனால் கேட்டுக்கு வெளியே கூடாரம் போட்டு உட்கார்ந்துவிட்டோம். மலாய்க்காரப் பெண்கள், சீனக் கிழவி ஒருத்தி, நாங்கள், எல்லாரும்தான். ஸ்டோக்கின் விரல் முனை தைக்கிற லைனில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்தும் பேசாத பெண்கள் இப்போது ஒரே பாயில் படுத்துக் கிடக்கிறோம்.

மெஷின்களை யாருக்கோ விற்றுவிட்டார்களாம். கழற்றிக் கொடுக்கச் சொல்லி நம் சுலைமான் அண்ணனுக்கு ஆள் அனுப்பினார்கள். உங்களுக்கு வேலை பழக்கின மனிதர், உங்களுக்குத் தெரியாததா. "இந்தக் கை அதுக்கு எண்ணெய் போட்ட கை. கூட வேலை செஞ்சவங்க வெளியே கிடக்கும்போது அதைக் கழற்றாது" என்று மலாயில் சொல்லி அனுப்பிவிட்டார். மற்ற மூணு ஃபிட்டர்களும் மாட்டேன் என்று சொல்லிவிட்டார்கள். இனி வெளியிலிருந்துதான் ஆள் கொண்டுவர வேண்டும். வரட்டும். எவன் வந்தாலும் எங்களைத் தாண்டித்தான் போகணும்.

எனக்காகக் கவலைப்பட வேண்டாம். உங்களுக்கு நல்ல வேலை, வீடு என்று படித்ததும் அந்த வெயிலிலும் மனசு குளிர்ந்தது. ரெண்டு பேரில் ஒருவருக்காவது நல்ல காலம் வந்ததே.

உங்கள்
புஷ்பா


திருப்பூர்,
12.3.2024

என் புஷ்பா,

உன்னிடமிருந்து கடிதம் இல்லை. இருந்தாலும் இதை எழுதாமல் இருக்க முடியவில்லை.

நான் பினாங்குக்கு வருகிறேன்!

சொல்லாமல் வந்து உன் வீட்டுக் கதவைத் தட்டலாம் என்றுதான் ஆசைப்பட்டேன். அப்படி வந்தால் உனக்கு மயக்கம் வந்துவிடும் என்று எழுதுகிறேன். கம்பெனி அனுப்புகிறது. குறுகிய காலப் பாஸ், போக வர டிக்கெட் எல்லாம் அவர்கள் பொறுப்பு. மெஷின்களைக் கழற்றி, பெட்டியில் கட்டி, கன்டெய்னரில் ஏற்றிவிட்டு வர வேண்டும். எந்த மெஷின்கள் தெரியுமா? நம்முடையவை. பிறையில் நாம் வேலை பார்த்த அதே மெஷின்கள்.

முதலாளி சொன்னதும், "அங்க இருந்தவங்களுக்கெல்லாம் என்னங்க ஆச்சு?" என்று கேட்டேன். "எல்லாருக்கும் கணக்கு முடிச்சு அனுப்பிட்டாங்களாம். அவங்கவங்க வேற வேலைக்குப் போயிட்டாங்க" என்றார். அப்படி ஏதாவது கெட்டது நடந்திருந்தால் நீ எழுதியிருப்பாய். எழுதவில்லை என்பதால் நல்லதாகத்தான் இருக்கும் என்று எடுத்துக்கொண்டேன்.

உன் நம்பருக்குப் போன் அடித்துப் பார்த்தேன். எடுக்கவில்லை. உனக்குக் கேட்டிருக்காது.

இருபதாம் தேதிக்கு மேல் எந்த நாளும் வருவேன்.

உன்
லோகேஸ்வரன்


பிறை,
25.3.2024

புஷ்பா,

இதை முஸ்தஃபாவிடம் கொடுத்தனுப்புகிறேன். கேட் காவலுக்கு இன்னும் அவன்தான் இருக்கிறான். நல்லவன். உன்னிடம் சேர்ப்பதாகச் சொல்லியிருக்கிறான்.

உன்னைப் பார்த்தேன். நீ என்னைப் பார்த்ததையும் பார்த்தேன்.

எனக்குத் தெரியாது. நீ நம்பினாலும் நம்பாவிட்டாலும் அதுதான் உண்மை. ஏர்போர்ட்டிலிருந்து நேராக வேனில் ஏற்றினார்கள். பாலத்தில் வரும்போது கடலைப் பார்த்துக்கொண்டு, சாயங்காலம் உன் வீட்டுக்கு எப்படிப் போவது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். கேட் பக்கம் கூட்டமாக இருந்தது. ஏதோ விபத்து என்று நினைத்தேன். பிறகுதான் அட்டைகளில் எழுதியிருந்ததைப் படித்தேன்.

இப்போது உள்ளே பழைய ஹாஸ்டலில் இருக்கிறேன். வெளியே போகக் கூடாது என்கிறார்கள். பாஸ்போர்ட் அவர்களிடம். வேலை இன்னும் ஆரம்பிக்கவில்லை. நாளை மறுநாள் ஆரம்பிக்கச் சொல்கிறார்கள். என்னோடு வந்த ரெண்டு பேருக்கு இந்த மெஷின் தெரியாது. நான் கை வைத்தால்தான் நடக்கும்.

என்ன செய்யட்டும்? உன்னிடம்தான் கேட்கிறேன். வேண்டாம் என்று ஒரு வார்த்தை எழுது. ஸ்பானரைக் கீழே வைத்துவிடுகிறேன்.

லோகா


பிறை, கூடாரம்,
26.3.2024

அன்புள்ள லோகாவுக்கு,

முஸ்தஃபா கடிதத்தைக் கொடுத்தான். நீங்கள் திருப்பூரிலிருந்து போட்ட கடிதமும் இன்று காலைதான் வந்தது. "நான் பினாங்குக்கு வருகிறேன்" என்று எழுதியிருக்கிறீர்கள். அதை இங்கே பாயில் உட்கார்ந்து படித்தேன்.

அன்றைக்கு நடந்ததைச் சொல்கிறேன். வேன் வருகிறது என்றதும் எல்லாரும் எழுந்தோம். கழற்ற ஆள் வந்துவிட்டான் என்று துரோகி, துரோகி என்று மலாயிலும் தமிழிலும் கத்தினார்கள். நானும் கத்தினேன். எல்லாரையும் விட நான்தான் உரக்கக் கத்தியிருப்பேன், என் சத்தம் எனக்கே கேட்காதே. அப்போது பாஸைக் காட்டக் கண்ணாடியை இறக்கினீர்கள். வாயில் இருந்த வார்த்தை அப்படியே நின்றுவிட்டது.

சுலைமான் அண்ணனும் பார்த்துவிட்டார். நோன்பு மாதம், காலையிலிருந்து தண்ணீர் கூடக் குடிக்கவில்லை அவர். பக்கத்தில் வந்து, "அது லோகாதானே?" என்றார். ஆமாம் என்றேன். "நான் பழக்கினவன்" என்றார். நோன்பு திறக்கிற நேரம் எனக்கும் ஒரு பேரீச்சம்பழம் கொடுத்தார். அதை முந்தானையில் முடிந்து வைத்தேன்.

ஒரு வார்த்தை எழுதச் சொல்கிறீர்கள். எழுதமாட்டேன். கேட்க எனக்கு என்ன உரிமை? ஒருமுறை எங்களோடு நின்றீர்கள். உங்களைப் பிடித்துக்கொண்டு போனபோது நாங்கள் ஒன்றும் செய்யவில்லை. வேலை போய்விடும் என்று பயந்து வாயை மூடிக்கொண்டோம். கடைசியில் அந்த வேலையும் போய்விட்டது. மறுபடி உங்களை அந்த இடத்தில் அடைத்தால் நான் என்ன செய்ய முடியும்? தூணுக்குப் பக்கத்தில் நின்று கையாட்டத்தான் முடியும். அதனால் "வேண்டாம்" என்று நான் எழுதமாட்டேன். "செய்யுங்கள்" என்றும் எழுதமாட்டேன். இங்கே இத்தனை பேர் முகத்தைப் பார்த்துக்கொண்டு அதை எப்படி எழுத?

என் பக்கத்தில் பாயில் இடம் இருக்கிறது. நீங்கள் வந்து உட்கார்ந்தால் யாரும் உங்களை ஒன்றும் சொல்லாமல் நான் பார்த்துக்கொள்கிறேன். இவ்வளவுதான் என்னால் எழுத முடியும்.

புஷ்பா


பெருமாநல்லூர்,
28.4.2024

அன்புள்ள புஷ்பாவுக்கு,

வந்து ரெண்டு வாரம் ஆகிறது. இன்றைக்குத்தான் பேனா எடுக்கிறேன்.

உன் கடிதத்தைப் படித்த அன்று என் பையைக் கட்டினேன். இது சத்தியம். ஹாஸ்டலிலிருந்து கேட் வரை நடந்து வந்தேன். முஸ்தஃபா என்னைப் பார்த்தான், பையைப் பார்த்தான், சின்னக் கதவைத் திறந்து வைத்தான். நீ எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு யாருக்கோ தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தாய். "புஷ்பா" என்று கூப்பிட்டேன். நீ திரும்பவில்லை. உனக்குக் கேட்காது என்று எனக்குத் தெரியும். தெரிந்தும் மெதுவாகத்தான் கூப்பிட்டேன். இன்னொரு தரம் கூப்பிடவில்லை.

அந்தக் கதவுக்கு இந்தப் பக்கம் நின்றபோது பயம்தான் முன்னால் வந்தது. அந்த அடைப்பு ஞாபகம் வந்தது. தங்கை வீட்டுக்காரன் "எத்தனை நாளைக்கு இங்க இருப்பீங்க மச்சான்" என்று கேட்டது ஞாபகம் வந்தது. நான் இல்லாவிட்டால் வேறொருவனைக் கூட்டி வருவார்கள், அவன் கண்டபடி உடைத்துக் கழற்றுவான், அதற்கு நானே செய்தால் என்ன என்றும் தோன்றியது. திரும்பிப் போய்ப் பையைக் கட்டிலில் வைத்தேன். அடுத்த நாள் வேலையை ஆரம்பித்தேன்.

லாரிகள் புறப்பட்ட அன்று என்னை முதல் லாரியில் டிரைவர் பக்கத்தில் உட்கார வைத்தார்கள். மழை. போலீஸ் வந்திருந்தது. நீங்கள் எல்லாரும் ரோட்டில் படுத்திருந்தீர்கள். லாரி ஊர்ந்து ஊர்ந்து வந்தது. நீ முன்வரிசையில் இருந்தாய். என்னைப் பார்த்தாய். பார்த்துவிட்டு எழுந்தாய். நீ எழுந்து ஒதுங்கி எனக்கு வழிவிட்டாய் புஷ்பா. அந்த லாரியில் உட்கார்ந்து நான் அழுதேன். இவள் என்னைப் புரிந்துகொண்டாள், மன்னித்துவிட்டாள் என்று அழுதேன். அந்த நம்பிக்கையில்தான் இதை எழுதுகிறேன்.

மெஷின்கள் ஓட ஆரம்பித்துவிட்டன. வீட்டுச் சாவி கொடுத்துவிட்டார்கள். சுண்ணாம்பு அடித்திருக்கிறேன். சமையலறை மேடை உன் உயரத்துக்குச் சரியாக இருக்கும். மகள் கல்யாணம் முடிந்ததும் வா. என்னைத் திட்டு, அடி, ஒரு வருஷம் பேசாமல் இரு. ஆனால் வந்துவிடு.

என்றும் உன்
லோகேஸ்வரன்


சுங்கை பினாங்,
16.6.2024

லோகேஸ்வரன் அவர்களுக்கு,

உங்கள் கடிதம் வந்து ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது. பதில் எழுத வேண்டாம் என்றுதான் இருந்தேன். ஆனால் நீங்கள் ஒன்றைத் தவறாக நினைத்துக்கொண்டிருக்கிறீர்கள். அதோடு உங்களை விட்டுவிட மனசு வரவில்லை.

நான் எழுந்தது உங்களை மன்னித்ததால் இல்லை.

அன்றைக்குப் போலீஸ் கடைசியாக ஒருமுறை எச்சரித்தார்கள். யாரும் அசையவில்லை. சுலைமான் அண்ணன் என் வலப் பக்கம் படுத்திருந்தார். என் கையைப் பிடித்துக்கொண்டு, "அவங்க மோத மாட்டாங்க தங்கச்சி, கண்ணை மூடிக்கோ" என்றார். அவர் வாயசைவைப் பார்த்துப் புரிந்துகொண்டேன். நான் கண்ணை மூடவில்லை. லாரி கிட்டே வந்தது. உள்ளே நீங்கள். ஏர்போர்ட்டில் தூணுக்குப் பக்கத்திலிருந்து நான் பார்த்த அதே முகம். இந்த லாரி நின்றுவிட்டால், மெஷின் வெளியே போகாவிட்டால், இந்த மனிதரை என்ன செய்வார்களோ என்று நினைத்தேன். அவ்வளவுதான். அண்ணன் கையிலிருந்து என் கையை உருவிக்கொண்டு எழுந்துவிட்டேன்.

நான் எழுந்ததும் இடப் பக்கம் இருந்தவள் எழுந்தாள். அவளைப் பார்த்து அடுத்தவள். ஒரு நிமிஷத்தில் ரோடு காலி. சுலைமான் அண்ணனும் இன்னும் ரெண்டு பேரும் மட்டும் படுத்திருந்தார்கள். அவர்களைப் போலீஸ் தூக்கி ஓரமாக வைத்தது. லாரிகள் ஒவ்வொன்றாகப் போயின. நீங்கள் முதல் லாரியில் போய்விட்டீர்கள், இதையெல்லாம் பார்த்திருக்கமாட்டீர்கள்.

அன்று சாயங்காலமே கூடாரத்தைப் பிரித்தோம். அதற்குப் பிறகு எங்களிடம் பேச யாரும் வரவில்லை. வழக்கு நடக்கிறது. எப்போது முடியும் என்று தெரியாது. யாரும் என்னைத் திட்டவில்லை. சீனக் கிழவி மட்டும் என் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனாள். நோன்புப் பெருநாளுக்குச் சுலைமான் அண்ணன் வீட்டுக்குப் போனேன். உட்காரச் சொன்னார், சாப்பிடச் சொன்னார். புறப்படும்போது, "உன் இடத்துல நான் இருந்தாலும்..." என்று ஆரம்பித்தார். முடிக்கவில்லை. அவர் மனைவி பாத்திரம் எடுக்க உள்ளே போய்விட்டார்.

நீங்கள் பயந்தீர்கள். உங்களைக் குறை சொல்ல எனக்கு வாய் இல்லை. உங்களுக்காக நான் பயந்தேன், அந்தப் பயத்துக்கு விலையாக, மற்றவர்கள் கையில் மிச்சமிருந்த ஒரே பிடியையும் கொடுத்துவிட்டேன். என்னுடையதாக இருந்தால் எதை வேண்டுமானாலும் கொடுத்திருப்பேன். அது என்னுடையது இல்லை. இனிமேல் நாம் ரெண்டு பேரும் ஒரே வீட்டில் உட்கார்ந்து சோறு தின்றால், அது அவர்கள் சோறு.

ஆசை போய்விட்டது என்று பொய் சொல்லமாட்டேன். பாசாரில் ஒரு துணிக்கடையில் திருப்பூர் பனியன் என்று எழுதித் தொங்கவிட்டிருப்பதைப் பார்த்து அங்கேயே நின்றுவிட்டேன். கடைக்காரன் "என்ன அக்கா, எந்த சைஸ்?" என்றான். ஒன்றும் வேண்டாம் என்று வந்துவிட்டேன்.

பிரமிளா கல்யாணம் முடிவான தேதியில் நடக்கும். அவள் கம்பெனிக்குப் பக்கத்திலேயே ஒரு கேன்டீனில் எனக்கு வேலை பார்த்து வைத்திருக்கிறாள். மாதக் கடைசியில் இந்த வீட்டைக் காலி பண்ணிக்கொண்டு பாயான் பாருவுக்குப் போகிறோம். எந்த பிளாக், எத்தனையாவது மாடி என்று இதில் எழுதவில்லை.

நேரத்துக்குச் சாப்பிடுங்கள்.

சு. புஷ்பவள்ளி